லிவர் பெருசு, காரணம் தெரியல: ஆர்16.0 பத்தி கொஞ்சம் நீளமா

சார்ட்டைத் திறந்த உடனே, டாக்டர் என்ன எழுதியிருக்காருன்னு பாக்கறதுக்கு முன்னாடியே பேஷன்ட்டுக்கு என்ன வியாதின்னு நாமளே கண்டுபிடிச்சுடணும்னு ஒரு அரிப்பு வரும் பாருங்க, மெடிக்கல் கோடிங்ல, அதாவது டாக்டர் எழுதினதை பில்லுக்காகக் கோடு நம்பரா மாத்தற வேலைல, இருக்கற எல்லாருக்கும் அது கொஞ்சமாவது உண்டு. லேப் ரிசல்ட் இருக்கு, ஸ்கேன் ரிப்போர்ட் இருக்கு, சோஷியல் ஹிஸ்டரில குடிப்பாரா மாட்டாரான்னு கூட இருக்கு, இதையெல்லாம் கூட்டிக் கழிச்சுப் பாத்தா விடை வந்துடாதான்னு தோணும். இந்த அரிப்பு ரொம்ப மோசமா வர்ற சார்ட் எதுன்னு கேட்டா யோசிக்காம ஹெபடோமெகலின்னு சொல்லுவேன். லிவர் பெருசாயிருக்கு, ஏன்னு டாக்டருக்கே இன்னும் தெரியல, அவர் அதை நேர்மையா "எட்டியாலஜி அன்க்ளியர்"னு எழுதிட்டுப் போயிட்டாரு. ஆனா கீழ உக்காந்து கோட் பண்றவங்களுக்கு மட்டும் மனசு கேக்காது, ஏதாவது ஒரு வியாதிப் பேரை ஒட்டிட்டாத்தான் தூக்கம் வரும்.

நான் சொல்ல வர்றது ஒண்ணே ஒண்ணு தான். தெரியலன்னு டாக்டர் எழுதினா தெரியலன்னே கோட் பண்ணுங்க, அதுக்குன்னு ஒரு கோடு இருக்கு, அது தரம் குறைஞ்ச கோடு இல்ல. இதை ஒரு வரில சொல்லிட்டுப் போயிடலாம், ஆனா எங்க எங்க எல்லாரும் வழுக்கறாங்கன்னு காட்டாம சொன்னா யாரும் கேக்க மாட்டாங்க, அதான் நீளமா எழுதறேன்.

நான் பேசறது அமெரிக்க சார்ட்டுக்கு யூஸ் பண்ற ஐசிடி-10-சிஎம்ங்கற வியாதிக் கோடு பட்டியல் பத்தி. அதுல கோடு ஆர்16.0, தலைப்பு ஹெபடோமெகலி, நாட் எல்ஸ்வேர் க்ளாசிஃபைட். அதாவது வேற எந்த இடத்துலயும் வகைப்படுத்த முடியாத லிவர் வீக்கம். பக்கத்துலயே ஆர்16.1 மண்ணீரலுக்கு, ஆர்16.2 ரெண்டும் சேர்ந்து பெருசா இருந்தா. 2015 செப்டம்பர் 30 வரைக்கும் பழைய பட்டியலான ஐசிடி-9ல இது 789.1ஆ இருந்துச்சு, அக்டோபர் 1 வந்ததும் ஆர்16.0 ஆயிடுச்சு. இண்டெக்ஸ்ல, அதாவது வார்த்தையை வெச்சுக் கோடு தேடற அகர வரிசைல, ஹெபடோமெகலின்னு தேடினாலும் வரும், ஹைபர்ட்ரோபி போய் லிவர்னு தேடினாலும் இங்க தான் வந்து நிக்கும். லிவரும் ஸ்ப்ளீனும் ரெண்டும் பெருசுன்னு டாக்டர் எழுதினா 16.0வும் 16.1ம் தனித்தனியா போடாதீங்க, 16.2 ஒண்ணு போதும். புதுசா வர்றவங்க இதுல தான் முதல்ல தடுக்குவாங்க, சரி அது சின்ன விஷயம், விடுங்க.

ஆர் கோடு, அதாவது சிம்ப்டம் கோடு, போட்டா ஆடிட்ல மாட்டுவோம்னு ஒரு நம்பிக்கை எல்லா டீம்லயும் சுத்திட்டு இருக்கு. யாரு கிளப்பி விட்டாங்கன்னு தெரியல, ஆனா சீனியர் சொல்ல ஜூனியர் கேட்டு, அந்த ஜூனியர் சீனியர் ஆனதும் அதையே அடுத்தவங்களுக்குச் சொல்லி அப்படியே ஓடுது. உண்மையில அஃபீஷியல் கைட்லைன்ல செக்ஷன் ஒண்ணு, பி, 18ம் பாயிண்ட் இதுக்கு நேர் எதிரா பேசுது. சிம்ப்டம் கோடும் அன்ஸ்பெசிஃபைட் கோடும் ஏத்துக்கத் தக்கது மட்டும் இல்ல, சில சமயம் அவசியமானதும் கூடன்னு அங்க இருக்கு. ஒவ்வொரு விசிட்டுக்கும் அந்த விசிட்ல எவ்வளவு உறுதியா தெரியுமோ அந்த அளவுக்குத் தான் கோட் பண்ணணும்னு இருக்கு. ரெக்கார்ட்ல ஆதாரம் இல்லாத ஸ்பெசிஃபிக் கோடைப் போடறதும் தப்பு, ஸ்பெசிஃபிக் கோடு கிடைக்கணும்ங்கறதுக்காகவே தேவையில்லாத டெஸ்ட் எடுக்க வெக்கறதும் தப்புன்னு அதே பத்தில சொல்லியிருக்காங்க. இந்த கைட்லைனை ஏஹெச்ஏ (அமெரிக்க ஆஸ்பத்திரிகள் சங்கம்), அஹிமா (மருத்துவ ரெக்கார்ட் துறைச் சங்கம்), அரசு அமைப்புகளான சிஎம்எஸ், என்சிஹெச்எஸ் நாலு பேரும் சேர்ந்து ஒப்புதல் குடுத்து வெளியிடறாங்க, அதனால இது எவரோ ஒருத்தரோட சொந்தக் கருத்துன்னு தள்ளிட முடியாது.

இன்னொண்ணு, டேபுலர்ல, அதாவது கோடு நம்பர் வரிசைல இருக்கற பட்டியல்ல, ஆர் சாப்டரோட ஆரம்பத்துல ஒரு நோட் இருக்கும், கோட் தேடற அவசரத்துல யாரும் அதைப் படிக்கறதில்ல. எந்த மாதிரி கேஸ் எல்லாம் இந்த சாப்டருக்குள்ள வரும்னு அதுல போட்டிருக்கும். எல்லாத்தையும் விசாரிச்ச பிறகும் இதைவிடத் தெளிவா டயக்னோசிஸ் சொல்ல முடியாத கேஸ், முதல் விசிட்ல இருந்து அப்புறம் தானா சரியாப் போயி காரணமே தெரியாமப் போன சிம்ப்டம், மேற்கொண்டு டெஸ்ட்டுக்கு வராமலே போயிட்ட பேஷன்ட், டயக்னோசிஸ் ஆகறதுக்கு முன்னாடியே வேற இடத்துக்கு அனுப்பின கேஸ். இதை ஒரு தடவை நிதானமா படிச்சா ஆர்16.0 யாருக்காகப் படைக்கப்பட்டதுன்னு புரியும். லிவர் பெருசா இருக்கு, கேஸ்ட்ரோ டாக்டர்கிட்ட அனுப்பியிருக்கேன்னு ஃபேமிலி டாக்டர் எழுதறாருல்ல, அது அப்படியே அந்த லிஸ்ட்ல இருக்கு.

சரி, லிவர் பெருசுன்னு யாரு சொல்லணும்? இதுல தான் பெரிய குழப்பம். பெரியவங்களுக்கு லிவர் சுமார் ஒன்றரை கிலோ இருக்கும், உடம்புக்குள்ள இருக்கற உறுப்புகள்லயே பெருசு அது தான். டாக்டர் வலது பக்கம் விலா எலும்புக்குக் கீழ கையை வெச்சு அழுத்தி மூச்சை இழுக்கச் சொல்லும்போது லிவரோட ஓரம் விரல்ல தட்டுப்பட்டா பால்பபிள்னு எழுதுவாரு, "ரெண்டு சென்டிமீட்டர் பிலோ காஸ்டல் மார்ஜின்"னு எக்ஸாம்ல இருக்கும். இதைப் பாத்ததும் நம்மாளு உடனே ஆர்16.0 தட்டிடுவாரு. ஆனா தட்டுப்படற லிவர் எல்லாம் பெரிய லிவர் இல்ல. சிஓபிடிங்கற நாள்பட்ட நுரையீரல் அடைப்பு இருக்கறவங்களுக்கு நுரையீரல் காத்து நிரம்பி உப்பிப் போயி உதரவிதானத்தைக் கீழ தள்ளும், அது லிவரைக் கீழ தள்ளும், அளவு நார்மல் தான், இடம் தான் இறங்கியிருக்கு. ரீடல் லோப்னு ஒண்ணு இருக்கு, சிலருக்குப் பிறவியிலேயே லிவரோட வலது பக்கத்துல நாக்கு மாதிரி ஒரு பாகம் கீழ நீட்டிட்டு இருக்கும், அதுவும் கைல தட்டுப்படும், அதுவும் வியாதி இல்ல. இதெல்லாம் டாக்டருக்குத் தெரியும், அதனால தான் அவர் எக்ஸாம்ல பால்பபிள்னு எழுதிட்டு அசெஸ்மென்ட்ல ஒண்ணும் எழுதாம விட்டிருப்பாரு. எக்ஸாம்ல இருக்கறது அவர் கண்டது, அசெஸ்மென்ட்ல இருக்கறது அவர் முடிவு பண்ணது. நமக்கு வேணும்ங்கறது அந்த முடிவு.

ஸ்கேன் ரிப்போர்ட்டும் இதே கதை தான். லிவர் 16.8 சென்டிமீட்டர்னு மட்டும் போட்டிருக்கும், பெருசுன்னு ஒரு வார்த்தை இருக்காது. கூகுள்ல தேடினா அல்ட்ராசவுண்ட்ல பதினஞ்சு பதினாறுக்கு மேல போனா பெருசுன்னு பொதுவா சொல்லுவாங்கன்னு வரும். வரட்டும். ஆளோட உயரம், உடம்பு வாகு, எந்த திசைல அளந்தாங்க எல்லாத்தையும் பொறுத்து மாறும், அந்த நம்பரை வெச்சு டயக்னோசிஸ் சொல்ல நமக்கு அதிகாரம் கிடையாது. சோடியம் 130ன்னு பாத்துட்டு ஹைப்போநேட்ரீமியா (சோடியம் குறைவு) போட மாட்டீங்கல்ல, அதே ரூல் தான் இங்கயும். இதே மாதிரி "ப்ராமினென்ட் லிவர்", "அப்பர் லிமிட் ஆஃப் நார்மல்"னு எழுதற ரேடியாலஜிஸ்ட்டுகளும் இருக்காங்க, அவங்க வேணும்னே மழுப்பறாங்க, அந்த மழுப்பலை நாம தெளிவாக்கக் கூடாது.

இப்போ ஒரு பேஷன்ட்டை எடுத்துக்கலாம், கற்பனை தான், ஆனா இந்த மாதிரி சார்ட் தினமும் வரும். அம்பது வயசைத் தாண்டினவரு, வலது மேல் வயித்துல ஏதோ பாரமா இருக்குன்னு வர்றாரு. டாக்டர் பாக்கறாரு, அசெஸ்மென்ட்ல எழுதறாரு: ஹெபடோமெகலி, எட்டியாலஜி அன்க்ளியர், ரூல் அவுட் ஃபேட்டி லிவர், ரூல் அவுட் இன்ஃபில்ட்ரேட்டிவ் டிசீஸ். ரூல் அவுட்னா அந்த வியாதி இருக்கா இல்லயான்னு பாக்கணும்னு அர்த்தம். ப்ளான்ல அல்ட்ராசவுண்ட், ஹெபடைடிஸ் பேனல், லிவர் டெஸ்ட். இது அவுட்பேஷன்ட், அதாவது அட்மிட் ஆகாம வந்துட்டுப் போற விசிட். செக்ஷன் நாலு, ஹெச் என்ன சொல்லுது? ப்ராபபிள், சஸ்பெக்டட், க்வெஷ்சனபிள், ரூல் அவுட், கம்பேட்டபிள் வித், கன்சிஸ்டன்ட் வித், வொர்க்கிங் டயக்னோசிஸ் இந்த மாதிரி வார்த்தையோட வர்றதை இருக்கற வியாதியா கோட் பண்ணக்கூடாது, அந்த விசிட்ல உறுதியா தெரிஞ்சது வரைக்கும் தான். உறுதியா தெரிஞ்சது லிவர் பெருசு. ஆர்16.0, முடிஞ்சது. அல்ட்ராசவுண்ட் ஆர்டருக்கும் அதே டயக்னோசிஸ் போயிடும், ஏன் ஸ்கேன் எடுத்தீங்கன்னு இன்சூரன்ஸ் கேட்டா அதுக்குப் பதிலும் அது தான். கே76.0ன்னு ஃபேட்டி லிவரை முன்கூட்டியே போட்டு அனுப்பிட்டீங்கன்னா, தெரிஞ்ச வியாதிக்கு எதுக்கு இவ்வளவு டெஸ்ட்டுன்னு அவங்க கேக்கறதுக்கு நீங்களே வழி பண்ணிக் குடுத்த மாதிரி ஆயிடும்.

ஸ்கேன் எடுத்தாச்சு. ரிப்போர்ட்ல "லிவர் என்லார்ஜ்ட், எக்கோஜெனிசிட்டி இன்க்ரீஸ்ட் (ஸ்கேன்ல லிவர் வெளுப்பா தெரியுது), ஃபேட்டி இன்ஃபில்ட்ரேஷனா இருக்க வாய்ப்பு"ன்னு ரேடியாலஜிஸ்ட் எழுதறாரு. ரேடியாலஜி பக்கம் கோட் பண்றவங்களுக்கு இது செக்ஷன் நாலு, கே. அவுட்பேஷன்ட்ல டெஸ்ட்டை ஒரு டாக்டர் படிச்சு ஃபைனல் ரிப்போர்ட் குடுத்திருந்தா, அதுல உறுதி பண்ண டயக்னோசிஸை கோட் பண்ணலாம், ரேடியாலஜிஸ்ட்டும் டாக்டர் தானே. ஆனா இங்க என்லார்ஜ்ட்னு உறுதியா சொல்லியிருக்காரு, ஃபேட்டிங்கறதை வாய்ப்புன்னு தான் சொல்றாரு. அப்போ ஆர்16.0வே தான். இதே ஆளு "ஹெபடோமெகலி வித் ஃபேட்டி லிவர்"னு நேரடியா எழுதியிருந்தா கே76.0 வந்திருக்கும், ஆர்16.0 போயிருக்கும், ஏன்னா உறுதியான டயக்னோசிஸ் வந்ததும் அது கூட வர்ற சிம்ப்டமை தனியா போடாதீங்கன்னு அதே பாயிண்ட்ல இருக்கு. கொழுப்பு சேர்ந்த லிவர் பெருசாகறது ஆச்சரியமான விஷயம் ஒண்ணும் இல்லயே. ரெண்டையும் சேர்த்து போடற ஆட்கள் இருக்காங்க, டபுளா போட்டா பாதுகாப்புன்னு நினைப்பு, எனக்கு அது பிடிக்காது, ரூலுக்கும் பிடிக்காது.

அடுத்த விசிட். ஹெபடைடிஸ் பேனல் நெகட்டிவ், ஏஎல்டி, ஏஎஸ்டிங்கற டிரான்ஸமினேஸ் என்சைம் ரெண்டும் ஏறியிருக்கு, டாக்டர் அதை அசெஸ்மென்ட்லயே எழுதறாரு, "காஸ் ஸ்டில் அன்னோன்"னும் எழுதறாரு. இப்போ ஆர்16.0 கூட ஆர்74.01 சேரும், 2020 அக்டோபர் 1க்கு அப்புறம் டிரான்ஸமினேஸுக்குன்னு தனியா வந்த கோடு அது, அதுக்கு முன்னாடி எல்டிஹெச்ங்கற வேற என்சைமும் இதுவும் ஒரே கோட்டுல கிடந்துச்சு. இதுல ஒரு பொடி விஷயம் இருக்கு, டாக்டர் டிரான்ஸமினேஸ்னு சொல்லாம வெறுமனே எலிவேட்டட் லிவர் ஃபங்ஷன் டெஸ்ட்னு எழுதினா இண்டெக்ஸ் உங்களை ஆர்79.89க்குக் கொண்டு போகும், லிவர் ஃபங்ஷன் ஸ்டடி அப்நார்மல்னு எழுதினா ஆர்94.5க்கு. எதுக்கு இவ்வளவு பிரிவுன்னு கேட்டா எனக்கும் எரிச்சல் தான் வருது, ஆனா இண்டெக்ஸ் அப்படித்தான் போட்டிருக்கு, அதை மதிச்சுத் தான் ஆகணும்.

இண்டெக்ஸ்னு வந்ததும் இன்னொரு வேடிக்கையைச் சொல்லிடறேன். லிவர்ல மாஸ் இருக்குன்னு டாக்டர் எழுதி வேற ஒண்ணும் சொல்லலன்னா, இண்டெக்ஸ்ல மாஸ் போய் லிவர் பாத்தீங்கன்னா ஆர்16.0ன்னு இருக்கும். ஆமா, வீக்கத்துக்கும் கட்டிக்கும் ஒரே கோடு. அதே கட்டியை லீஷன்னு எழுதிட்டாருன்னா கே76.9, லிவர் டிசீஸ் அன்ஸ்பெசிஃபைட். ஒரே ஸ்கேன் படத்தைப் பாத்து ஒருத்தர் மாஸ்ங்கறாரு இன்னொருத்தர் லீஷன்ங்கறாரு, கோடு வேற சாப்டருக்கே போயிடுது. அதனால ஆர்16.0ன்னு ஒரு க்ளைம்ல பாத்தா லிவர் முழுசா வீங்கியிருக்குன்னு மட்டும் முடிவு பண்ணிடாதீங்க, நோட்டைத் திறந்து பாருங்க.

கதைக்கு வர்றேன். நம்ம பேஷன்ட்டுக்கு வயித்து வலி ஜாஸ்தியாகி அட்மிட் ஆயிடறாரு. ஆஸ்பத்திரில பாத்து எல்லாம் பண்ணி டிஸ்சார்ஜ் சம்மரில ஃபைனல் டயக்னோசிஸா "ப்ராபபிள் நாஷ்"னு எழுதறாங்க, அதாவது குடியால வராத ஸ்டீட்டோஹெபடைடிஸ், லிவர்ல கொழுப்பும் சேர்ந்து அழற்சியும் இருக்கறது. இப்போ ரூல் தலைகீழ். செக்ஷன் ரெண்டு, ஹெச். இன்பேஷன்ட்ல டிஸ்சார்ஜ் சமயத்துல ப்ராபபிள், லைக்லி, சஸ்பெக்டட்னு இருந்தா அந்த வியாதி இருக்கற மாதிரியே கோட் பண்ணணும். ஏன்னா அந்த வியாதியை மனசுல வெச்சுத் தான் டெஸ்ட்டும் ட்ரீட்மென்ட்டும் நடந்திருக்குன்னு கணக்கு. ஆஸ்பத்திரி பில்லுல கே75.81 ஏறிடுச்சு, ஆர்16.0 காணாமப் போயிடுச்சு.

அடுத்து அவரு தன்னோட டாக்டர்கிட்ட ஃபாலோஅப்புக்கு வர்றாரு. டாக்டர் டிஸ்சார்ஜ் சம்மரியைப் படிச்சுட்டு "ஹெபடோமெகலி, ப்ராபபிள் நாஷ், பயாப்சி பத்தி யோசிக்கணும்"னு எழுதறாரு. அவுட்பேஷன்ட். ப்ராபபிள் செல்லாது. திரும்பவும் ஆர்16.0! அதே ஆளு, அதே லிவர், அதே வார்த்தை, கட்டில்ல படுத்திருந்தா ஒரு கோடு, நாற்காலில உக்காந்திருந்தா ஒரு கோடு. இதைப் பாத்து ரெண்டுல ஒண்ணு தப்புன்னு நினைச்சு "கன்சிஸ்டன்ட்டா இருக்கட்டும்"னு ஃபாலோஅப்லயும் கே75.81 போடறவங்க நிறைய. ரெண்டும் சரி தான். பழைய சார்ட்ல என்ன இருந்துச்சுங்கறது இந்த விசிட்டுக்கு ஆதாரம் ஆகாது. நாஷையும் சாதாரண ஃபேட்டி லிவரையும் உறுதியா பிரிச்சுச் சொல்ல பயாப்சி தான் வேணும்னு டாக்டர்களே சொல்றப்போ, அந்த ஊசி குத்தறதுக்கு முன்னாடி நமக்கு என்ன அவசரம். கே76.0வும் கே75.81ம் சேர்ந்து வேற வராது, ரெண்டையும் ஒண்ணா போடாதீங்கன்னு எக்ஸ்க்ளூட்ஸ்1 நோட் இருக்கு. 2023ல இதுக்கெல்லாம் பேரையே மாத்திட்டாங்க, ஃபேட்டி லிவருக்கு மாஸ்எல்டி, நாஷுக்கு மாஷ்னு புதுப் பேர்ல டாக்டர்கள் எழுத ஆரம்பிச்சிருக்காங்க, அதனால புதுப் பேரைப் பாத்து பயந்துடாதீங்க, பழைய ஆளு தான் புதுச் சட்டை போட்டு வந்திருக்காரு.

இன்பேஷன்ட்ல ஸ்கேன் மேட்டரும் வேற. அவுட்பேஷன்ட்ல ரேடியாலஜிஸ்ட் எழுதினதை எடுக்கலாம்னு சொன்னேன்ல, உள்ள அட்மிட் ஆன ஆளுக்கு அப்படி எடுக்க முடியாது. செக்ஷன் மூணு, பி படி, அப்நார்மல் ஃபைண்டிங்க்ஸை ட்ரீட் பண்ற டாக்டர் முக்கியம்னு சொன்னாத் தான் கோட் பண்ணணும். நிமோனியாவுக்கு அட்மிட் ஆன ஒருத்தருக்கு சிடில ஓரமா "மைல்ட் ஹெபடோமெகலி"ன்னு வந்திருக்கும், யாரும் அதைப் பத்தி ஒரு வார்த்தை பேசியிருக்க மாட்டாங்க, விட்டுட வேண்டியது தான். அதுக்காக டாக்டர் டெஸ்ட் ஆர்டர் பண்ணியிருக்காரு, ட்ரீட்மென்ட் குடுத்திருக்காரு, ஆனா டயக்னோசிஸ்னு எழுதலன்னா அப்போ குவெரி, அதாவது டாக்டர்கிட்ட எழுத்துல ஒரு கேள்வி, போடலாம்னு கைட்லைனே சொல்லுது.

இப்போ குடி விஷயம், இதுல தான் எனக்கு உண்மையாவே கோவம் வரும். அசெஸ்மென்ட்ல ஹெபடோமெகலி. சோஷியல் ஹிஸ்டரில தினமும் குடிப்பாரு. உடனே கே70.0, ஆல்கஹாலிக் ஃபேட்டி லிவர். இண்டெக்ஸ்ல "வித்"னு இருந்தா ரெண்டையும் டாக்டர் இணைக்கலன்னாலும் இணைச்சுக்கலாம்னு ஒரு கன்வென்ஷன் இருக்குல்ல, அதை இங்க இழுத்துட்டு வருவாங்க. அது இங்க செல்லாது, ஃபேட்டி லிவருக்குக் கீழ ஆல்கஹாலிக்ங்கறது தனி சப்டெர்ம், "வித்" கீழ வர்ற விஷயம் இல்ல. ஆல்கஹாலால தான்னு டாக்டர் எழுதணும். எழுதலன்னா கிடையாது. குடிக்கறவருக்கும் ஹெபடைடிஸ் வரும், ஹார்ட் ஃபெயிலியர் வரும், அமிலாய்டுங்கற புரதம் சேரும், கேன்சர் பரவும், எல்லாத்துலயும் லிவர் பெருசாகும். குடிகார லிவர்னு ஒரு தடவை ரெக்கார்ட்ல ஏறிட்டா அந்த முத்திரை அடுத்த டாக்டர்கிட்டயும் போகும், இன்சூரன்ஸுக்கும் போகும், அந்த மனுஷன் எங்க போனாலும் பின்னாடியே வரும். அவருக்கு அதை அழிக்கறது லேசுப்பட்ட காரியம் இல்ல, நமக்கோ அதை ஏத்தறதுக்கு ஒரு க்ளிக் தான்.

ஹார்ட் ஃபெயிலியர் கேஸ் பத்தி சுருக்கமா. வலது பக்க இதயம் சரியா பம்ப் பண்ணலன்னா ரத்தம் பின்னாடி தேங்கி லிவர் வீங்கும், டாக்டர் "லிவர்ல க்ரானிக் பாசிவ் கன்ஜெஷன்"னு எழுதினா கே76.1, அவர் எழுதின அளவுக்கு ஹார்ட் ஃபெயிலியர் கோடும் கூட வரும், ஆர்16.0 தேவையில்ல. அவர் ஹார்ட் ஃபெயிலியர்னு தனியாவும் ஹெபடோமெகலின்னு தனியாவும் எழுதி நடுவுல ஒண்ணும் சொல்லலன்னா நாம கோடு இழுத்து சேர்க்க வேண்டாம், கேளுங்க.

கேக்கறதுன்னா எப்படி கேக்கறது? குவெரிங்கற பேர்ல "டாக்டர், இது நாஷ் தானே, ப்ளீஸ் கன்ஃபர்ம்"னு எழுதறதைப் பாத்திருக்கேன். அது குவெரி இல்ல, விடையை வாயில ஊட்டறது. அஹிமாவும் ஆக்டிஸ்ங்கற மருத்துவ டாக்குமென்டேஷன் சங்கமும் சேர்ந்து குவெரிக்குன்னு நடைமுறை எழுதி வெச்சிருக்காங்க, அதோட சாரமே டாக்டரை ஒரு பக்கம் சாய்க்காதீங்கங்கறது தான். நான் எழுதறதா இருந்தா இப்படி இருக்கும்: "அசெஸ்மென்ட்ல ஹெபடோமெகலின்னு இருக்கு. அல்ட்ராசவுண்ட்ல எக்கோஜெனிசிட்டி அதிகம்னு இருக்கு, ஏஎல்டி, ஏஎஸ்டி அதிகமா இருக்கு. உங்க மருத்துவ முடிவுப்படி ஹெபடோமெகலிக்குக் காரணம் தெரிஞ்சிருந்தா எழுதவும்." கீழ ஆப்ஷன் குடுத்தா சார்ட்ல ஆதாரம் இருக்கறதா குடுக்கணும், கூடவே வேற ஏதாவது, இப்போதைக்குச் சொல்ல முடியாது, இந்த ரெண்டும் இருக்கணும். இப்போதைக்குச் சொல்ல முடியாதுன்னு டாக்டர் டிக் பண்ணா அதுவும் பதில் தான், குவெரி வீணாப் போச்சுன்னு உச்சு கொட்டாதீங்க. பணம் பத்தி, ரீஇம்பர்ஸ்மென்ட் பத்தி குவெரில மூச்சு விடக்கூடாது, இதைச் சொல்ல வேண்டியதில்ல, ஆனாலும் சொல்லி வெக்கறேன்.

பணம்னு வந்துடுச்சு. ரிஸ்க் அட்ஜஸ்ட்மென்ட், அதாவது பேஷன்ட்டோட வியாதிச் சுமையை வெச்சு இன்சூரன்ஸுக்குப் பணம் கணக்குப் போடற, ப்ராஜெக்ட்ல இருக்கறவங்களுக்கு ஆர்16.0 பிடிக்காததுக்குக் காரணம் வெளிப்படை, அது அந்தக் கணக்குக்கான எந்த ஹெச்சிசி வியாதித் தொகுப்புலயும் வராது. சிரோசிஸ், அதாவது லிவர் தழும்பேறிப் போறது, வரும். அதனால லிவர்னு ஒரு வார்த்தையைப் பாத்தாலே சார்ட் முழுக்க சிரோசிஸுக்கு ஆதாரம் தேடி அலையறது ஒரு பழக்கமா ஆயிடுது. தேடறது தப்பில்ல, டாக்டர் எழுதினதை விட்டுடக் கூடாதுங்கறதுக்காகத் தேடணும் தான். "நோடுலர் கான்டூர், சஜெஸ்டிவ் ஆஃப் சிரோசிஸ்"னு அவுட்பேஷன்ட் ஸ்கேன்ல இருக்கறதைத் தூக்கிட்டு வந்து நிறுத்தறது தான் தப்பு.

இதைப் படிக்கறவங்கள்ல கோடர் இல்லாத ஆளும் இருக்கலாம், பில்லுலயோ ரிப்போர்ட்லயோ ஆர்16.0ன்னு பாத்துட்டு தேடி வந்திருப்பீங்க. உங்களுக்குச் சொல்றது இவ்வளவு தான்: அந்தக் கோடு உங்களுக்கு என்ன வியாதின்னு சொல்லல, லிவர் பெருசா இருக்குன்னு டாக்டர் பாத்திருக்காரு, இல்ல அங்க ஏதோ மாஸ் இருக்குன்னு எழுதியிருக்காரு, காரணம் அன்னைக்கு வரைக்கும் முடிவாகலன்னு மட்டும் தான் அர்த்தம். லேசாவும் இருக்கலாம், பெருசாவும் இருக்கலாம், கோடை வெச்சு ரெண்டையும் சொல்ல முடியாது. எதனாலன்னு கண்டுபிடிச்சாச்சா, அடுத்து என்ன டெஸ்ட்டுன்னு டாக்டர்கிட்டயே கேளுங்க. அன்னைக்கு அசெஸ்மென்ட்ல என்ன எழுதியிருக்குன்னு அந்தப் பக்கத்தைக் காட்டச் சொல்லிக் கேக்க உங்களுக்கு உரிமை இருக்கு.

கோடர்களுக்குக் கடைசியா ஒரு நடைமுறைத் தொல்லை. காரணம் தெரிஞ்ச பிறகும் ப்ராப்ளம் லிஸ்ட்ல ஆர்16.0 உக்காந்துட்டே இருக்கும். பயாப்சி வந்து நாஷ்னு உறுதியாயிருக்கும், டாக்டரும் எழுதியிருப்பாரு, ஆனா பழைய நோட்டை காப்பி பண்ணி ஒட்டினதுல "ஹெபடோமெகலி, எட்டியாலஜி அன்க்ளியர்"ங்கற வரியும் கூடவே வந்திருக்கும். ஒரே அசெஸ்மென்ட்ல தெரியலன்னும் இருக்கு, தெரிஞ்சதுன்னும் இருக்கு. பயாப்சி தேதிக்கு அப்புறம் எழுதின நோட்டுன்னு உறுதியா தெரிஞ்சாலும் நாமளா ஒண்ணை அடிச்சு விட முடியாது, முரண் இருக்குன்னு குவெரி போட்டு டாக்டரையே திருத்த வெக்கணும், லிஸ்ட்ல ரிசால்வ்ட்னு மாத்தறதும் அவர் வேலை தான். உறுதியான டயக்னோசிஸ் வந்தாச்சுன்னா கே75.81 மட்டும், ஆர்16.0 கூட வராது.

அப்புறம் ஆடிட்டர், "ஸ்பெசிஃபிசிட்டி போதல, கே76.0 போட்டிருக்கணும்"னு ஆர்16.0க்கு எர்ரர் போட்டாருன்னா உணர்ச்சிவசப்பட்டு நாலு பக்கம் எழுத வேண்டாம். அசெஸ்மென்ட்ல இருக்கற வரியை அப்படியே எடுத்துப் போடுங்க, செக்ஷன் நாலு, ஹெச்சும் செக்ஷன் ஒண்ணு, பி, 18ம் குறிப்பிடுங்க, இந்த விசிட்ல ஃபேட்டி லிவரை டாக்டர் உறுதி பண்ண வரி எங்க இருக்குன்னு காட்டச் சொல்லிக் கேளுங்க. காட்டினாருன்னா எர்ரரை ஏத்துக்கோங்க. பெரும்பாலும் ஸ்கேன் ரிப்போர்ட்ல இருக்கற அந்த "இருக்க வாய்ப்பு"வைத் தான் காட்டுவாரு, அப்போ ரிபட்டல்ல, அதாவது உங்க மறுப்புல, அந்த வாய்ப்புங்கற வார்த்தையை மட்டும் ஹைலைட் பண்ணி திருப்பி அனுப்புங்க.